ஊத்துக்காட்டுத் தொண்ணூறு பாகை

ஊத்துக்காட்டில் ஜீவானந்தத்தின் பங்குக்கும் அவர் தம்பி வெங்கடேஷின் பங்குக்கும் நடுவே நிற்கும் சில்வர் ஓக் மரவரிசை, சித்திரை மாதத்து ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் ஏழு பாகை நகர்ந்தது. மரங்கள் வேரோடுதான் நகர்ந்தன. மண் கிளறவில்லை, மேலே ஏறியிருந்த மிளகுக்கொடி ஒன்றுகூட அறவில்லை, கிளையில் உட்கார்ந்திருந்த மைனாக்கள் எழுந்து பறக்கவும் இல்லை. வரிசையின் ஒரு முனை ஊற்றுக்கல்லில் ஆணியடித்தது போல நிற்க, மறுமுனை மட்டும் பாறைப் பக்கமாகத் திரும்பி, அங்கே நின்றுகொண்டது. அந்த வாரம் மிளகு விலை வேறு இறங்கியிருந்தது. ஊரில் அதைப் பற்றித்தான் பேச்சு அதிகம்.

ஏற்காட்டிலிருந்து மாரமங்கலம் போகிற பஸ் திரும்பும் இடத்தில் இறங்கி மேலே ஏறினால் ஊத்துக்காடு. அங்கே நிலத்தை ஏக்கர், சென்ட் என்று பிரிக்கிற பழக்கம் இல்லை. ஊற்று வாயிலிருந்து பிரிப்பார்கள். தண்ணீரைத் தொடாத பங்கு பங்கே இல்லை என்பது அவர்கள் வழக்கம். அதனால் ஒவ்வொருவர் காடும் ஊற்றில் கூராகத் தொடங்கி, கீழே இறங்க இறங்க விசிறி போல விரியும். கோட்டுக்கு இந்தப் பக்கம் இருப்பது இவருக்கு, அந்தப் பக்கம் இருப்பது அவருக்கு. மாடோ மரமோ வீடோ, எதுவானாலும் இதுதான் நியாயம். இதை எதிர்த்து இதுவரை யாரும் வழக்குப் போட்டதில்லை. அண்ணன் தம்பியின் அப்பா செங்கோடனின் காட்டுக்கு ஒருபுறம் எஸ்டேட் முள்கம்பி, மறுபுறம் சுவர் வைத்தாற்போல ஒரு பாறை. இரண்டும் ஊற்றில் வந்து சேரும் இடம் அச்சுப் பிசகாத செங்கோணம். பாறைக்கு அப்புறம் நிலமே கிடையாது, அதலபாதாளம்தான். செங்கோடன் சாவதற்கு முன் நட்ட நடுவில் மரங்களை நட்டு, கம்பிப் பக்கம் பெரியவனுக்கு, பாறைப் பக்கம் சின்னவனுக்கு என்று நாற்பத்தைந்தும் நாற்பத்தைந்துமாகப் பிரித்துக் கொடுத்துவிட்டுப் போனார். மனுஷன் தன் பிள்ளைகளைப் பற்றி நல்லபடியாக நினைத்துவிட்டார், அவ்வளவுதான் அவர் செய்த பிழை.

வெங்கடேஷின் மனைவி சசிகலா மஞ்சக்குட்டைப் பெண். ஊத்துக்காட்டுப் பள்ளிக்கூடத்தில் ஏழாம் வகுப்புக்கும் எட்டாம் வகுப்புக்கும் கணக்கு டீச்சர். அவளுக்குப் பிறவியிலேயே ஒரு சுபாவம், எதைப் பார்த்தாலும் குமட்டும். அடுத்தவர் வாய் வைத்த சொம்பு, சாப்பிட்ட கையால் தொடும் கதவு, கல்யாணப் பந்தியில் இலைக்கு வெளியே வழியும் ரசம், டூரிஸ்டுகள் கொண்டை ஊசி வளைவில் வீசிவிட்டுப் போகிற பிரியாணிப் பொட்டலம், அதை முகர்ந்து தின்கிற குரங்கு, அந்தக் குரங்கைப் போட்டோ எடுக்கிற இன்னொரு டூரிஸ்ட், எல்லாமே அவளுக்கு அருவருப்பு. இந்த மலையில் அவள் மூக்கைப் பொத்தாமல் மூச்சு விடக்கூடிய இடம் ஒன்றே ஒன்றுதான். அது அவள் வீடு. வெள்ளை டைல்ஸ் ஒட்டிய சமையல்கட்டு, பினாயில் வாசம் போகாத குளியலறை, வெயிலில் காய்ந்த மடிப்புக் கலையாத துண்டுகள். கட்டிக்கொண்டு வந்த நாள் முதல் அவள் அந்த வீட்டைத்தான் கட்டிக்கொண்டிருந்தாள். புருஷனைக் காலைக் கழுவிவிட்டு வரச் சொல்லிச் சொல்லி அவள் தொண்டை வறண்டது. ஜீவானந்தத்தின் மகள் ஐஸ்வர்யாவுக்கும் அதே சுபாவம். சின்னப் பிள்ளையிலிருந்தே தங்கள் வீட்டுக் கழிப்பறைக்குப் போகமாட்டாள். மரவரிசையைத் தாண்டி ஓடிவந்து, "சித்தி, உங்கூட்டுப் பாத்ரூம்ல போய்க்கட்டுங்களா?" என்று வாசலில் நிற்பாள். சசிகலா ஊரில் வேறு யாருக்கும் அந்தக் கதவைத் திறந்ததில்லை.

அந்தச் செவ்வாய்க்கிழமை நடந்தது இதுதான். சாமிக்கு வெட்டின கிடாயின் குடலை ஜீவானந்தம் ஊற்று வாயிலேயே உட்கார்ந்து அலசினார். கீழே இறங்கி வாய்க்காலில் அலசச் சோம்பல். குடத்தோடு வந்த சசிகலா, பச்சையாய் மிதந்து வந்ததைப் பார்த்தாள், அங்கேயே வாந்தி எடுத்தாள். அவள் வாயைத் துடைத்து நிமிர்ந்தபோது மரங்கள் நகர்ந்திருந்தன. பள்ளிக்கூடத்திலிருந்து மரத்தில் செய்த பெரிய பாகைமானியை எடுத்துவந்து ஊற்றுக்கல்லில் வைத்துப் பார்த்தாள். தங்கள் பக்கம் முப்பத்தெட்டு, அவர்கள் பக்கம் ஐம்பத்திரண்டு. சர்வேயர் வந்தார். அளந்தார். மொத்தம் தொண்ணூறு சரியாக இருக்கிறது, குறையும் இல்லை, கூடுதலும் இல்லை, பிறகு என்ன தகராறு என்று கேட்டார். இரண்டு வீட்டிலும் ஆளுக்கொரு பலாப்பழம் வாங்கிக்கொண்டு அடுத்த பஸ்ஸில் இறங்கிப் போனார்.

குடல் அலசியதற்கு ஏழு பாகை கிடைத்தது என்பதை ஜீவானந்தம் உடனே புரிந்துகொண்டார். ஆள் எட்டாவது பெயில்தான், ஆனாலும் இந்தப் புத்திக்குப் படிப்பு எதற்கு. அடுத்த வாரம் அவர் வெற்றிலைச் சாற்றை ஊற்றிலேயே துப்பினார். சசிகலா பார்க்கிறாளா என்று பார்த்துவிட்டுத் துப்பினார். முப்பத்தைந்து. மாட்டுக் கொட்டகைக் கழிவை ஊற்றுப் பக்கம் திருப்பிவிட்டார். முப்பத்தொன்று. வெங்கடேஷ் மட்டும் சும்மா இருந்தானா? அவனும் அதே வயிற்றில் பிறந்தவன்தானே. கோழி இறகையும் குடலையும் கூடையில் அள்ளிக்கொண்டு போய் அண்ணன் வாசலில் கொட்டினான். அண்ணி கலாவதி வெளியே வந்து பார்த்தாள், குடலை நாய்க்கு வைத்தாள், மகள் பள்ளிக்கூடம் விட்டு வருவதற்குள் இறகைக் கூட்டித் தள்ளினாள், அதே கையோடு உள்ளே போய் மாவு பிசைந்தாள். மரவரிசை அரை பாகைகூட அசையவில்லை. வெங்கடேஷ் இன்னும் கேவலமாக என்னென்னவோ செய்தான், அதையெல்லாம் எழுதினால் எழுதுகிற கையைக் கழுவ வேண்டிவரும். அதையும் கலாவதி உடனுக்குடன் கூட்டித் தள்ளினாள், ஒன்றுக்கும் மரம் அசையவில்லை. கழுதை தேய்ந்து கட்டெறும்பான கதையாக அவன் பங்கு மட்டும் தேய்ந்துகொண்டே போனது.

பள்ளிக்கூடத்தில் இதனால் ஒரு நன்மை விளைந்தது. ஏழாம் வகுப்பில் கோணங்கள் பாடம் வந்தபோது பிள்ளைகள் யாருக்கும் புத்தகமே தேவைப்படவில்லை. இரண்டு கோணங்கள் சேர்ந்து தொண்ணூறு ஆனால் அவை நிரப்புக் கோணங்கள் என்று சசிகலா சொல்லி முடிப்பதற்குள், முப்பத்தொன்றுக்கு ஐம்பத்தொன்பது என்று வகுப்பே கத்தியது. ஒரு கோணம் மற்றதைப் போல இரண்டு மடங்கு என்றால், முப்பது, அறுபது என்று பதில் வந்தது. அடுத்த வாரம் உங்கள் வீடு அப்படித்தான் ஆகும் என்று எங்கப்பா சொன்னார் என ஒருவன் விளக்கமும் கொடுத்தான். சசிகலா சாக்பீஸை வைத்துவிட்டு வெளியே போய் முகம் கழுவிக்கொண்டு வந்தாள். மிகைநிரப்புக் கோணத்தில்தான் சிக்கல். இரண்டும் சேர்ந்து நூற்றியெண்பது ஆக வேண்டும் என்று எத்தனை தடவை சொன்னாலும் ஊத்துக்காட்டுப் பிள்ளைகள் தொண்ணூறிலிருந்துதான் கழிப்பார்கள். வேறு எந்த ஊர்ப் பிள்ளைகளும் இந்தத் தப்பை இப்படி ஒற்றுமையாகச் செய்வதில்லை. பாறைக்கு அந்தாண்டை ஏதுங்க நெலம், அங்க எப்படிங்க கோணம் இருக்கும் என்பது அவர்கள் வாதம்.

ஆனியில் சசிகலா ஒரு பயிற்சிக்காகச் சேலம் போனாள். அந்த நேரம் பார்த்து ஜீவானந்தம் செத்த பெருச்சாளி ஒன்றை ஊற்றில் போட்டார். அவள் திரும்பி வரும்வரை அது அங்கேயே ஊறியது. வெங்கடேஷ் அந்தத் தண்ணீரை மொண்டு டீ போட்டுக் குடித்தான், தண்ணி கொஞ்சம் வழவழப்பாக இருப்பதாக மட்டும் நினைத்தான். அத்தனை நாளும் மரவரிசை நகரவே இல்லை. பஸ்ஸை விட்டு இறங்கி வந்தவள் ஊற்றை எட்டிப் பார்த்தாள். வயிறு புரண்டது. அவள் கண்ணெதிரே மரங்கள் புறப்பட்டு, இலைகூடச் சலசலக்காமல் வந்து, சமையல்கட்டுச் சுவரை உரசி நின்றன. இருபத்தாறு.

அப்போதுதான் அவளுக்கு விளங்கியது. அந்தக் கோடு அசிங்கத்தை எடைபோடவில்லை. கோட்டைத் தாண்டி வரும் அசிங்கத்துக்கு இந்தப் பக்கம் யார் அருவருப்புப் படுகிறார்களோ, அவர்கள் படும் அருவருப்பை எடைபோட்டது. அருவருப்புப் பட்டவர் பங்கு குறையும். கலாவதிக்கு எதுவும் குமட்டாது, ஜீவானந்தத்துக்குச் சொல்லவே வேண்டாம், அதனால் அவர்களுக்கு நஷ்டமே இல்லை. இத்தனை பாகையும் போனது இவள் ஒருத்தியின் வயிற்றால். சொரணை கெட்டவனுக்குச் சேதாரம் இல்லை என்பதை மரம்கூட ஒப்புக்கொண்டுவிட்டது. இதைப் புருஷனிடம் சொன்னாள். சொல்லியிருக்கக் கூடாது.

வெங்கடேஷ் முதலில் அவளைப் பழக்கப் பார்த்தான். மூக்கைப் பிடித்துக்கொள், கண்ணை மூடிக்கொள், அதெல்லாம் மனசுதான் என்றான். அழுகின பலாச்சுளையை அவள் முகத்துக்கு நேரே நீட்டி, எண்ணிக்கொண்டே பார் என்றான். அவள் அவனைத்தான் பார்த்தாள். அந்தப் பார்வைக்குக் கோடு அசைவதாக இருந்தால் மொத்த மலையும் நகர்ந்திருக்கும், ஆனால் ஒரே பக்கத்து ஆட்களுக்குள் நடப்பதை அது கணக்கில் எடுத்துக்கொள்வதில்லை. கடைசியில் ஒருநாள் சோற்றைப் பிசைந்துகொண்டே அவன் சொன்னான்.

"அவங்கூட்டுலயும் உன்னாட்டம் ஒருத்தி இருக்காளே. அந்தப் புள்ளைக்குக் கொமட்டற மாதிரி எதாவது பண்ணு. உனக்குத்தான் அவ வயிறு தெரியும்."

அவள் சாப்பாட்டுத் தட்டை அப்படியே எடுத்துக்கொண்டு போய்க் கழுவினாள். அவன் சாப்பிட்டு முடித்திருக்கவில்லை. பிள்ளை மேல கை வெச்சுத்தான் இந்த ஊடு நிக்கணும்னா அது நிக்கவே வேண்டாம் என்று சொல்லிவிட்டாள்.

ஜீவானந்தத்துக்கு அவ்வளவு யோசனையெல்லாம் இல்லை. அவர் காரியத்தில் கண்ணாக இருந்தார். பழநிக்குப் போய்வந்து மொட்டை போட்ட முடியை ஒரு பையில் கொண்டுவந்து ஊற்றில் உதறினார். இருபத்துமூன்று. கோடு இப்போது சமையல்கட்டுக்குள் வந்துவிட்டது. சில்வர் ஓக் மரம் ஒன்று டைல்ஸில் ஒரு கீறலும் விழாமல் அடுப்புக்கும் சிங்க்குக்கும் நடுவே நின்றது, கூரையில் ஓட்டையும் இல்லை. சிங்க் அந்தப் பக்கம் போய்விட்டதால் அது அவருடையது. மறுநாள் காலை ஜீவானந்தம் செருப்போடு உள்ளே வந்தார், தன் சிங்க்கில் வாயைக் கொப்புளித்தார், தொண்டையை அடியிலிருந்து இழுத்துக் காறி, கோழையை வெள்ளைப் பீங்கானில் துப்பிவிட்டு, குழாயைத் திறந்துவிடாமலே நின்று அது மெல்ல வழிவதைச் சசிகலாவோடு சேர்ந்து பார்த்தார். பிறகு வேட்டியில் கையைத் துடைத்துக்கொண்டு போய்விட்டார். அன்று மதியம் அளந்தபோது பத்தொன்பது. வீடு முழுசும் அந்தப் பக்கம். ஞாயிற்றுக்கிழமைக்குள் சாமான்களை எடுத்துக்கொள்ளச் சொல்லி அவர் ஆள் அனுப்பினார். இந்தப் பக்கம் மிச்சம் இருந்தது பாறையை ஒட்டிய ஒரு கீற்று நிலமும் நாலு காப்பிச் செடியும்தான். சசிகலா சிங்க்கைக் கழுவினாள். மறுபடி கழுவினாள். பீங்கான் தேய்ந்ததே தவிர, அவள் கண்ணிலிருந்து அது போகவில்லை. இந்த வீடு போனால் இந்த மலையில் தனக்கு நிற்க இடமே இல்லை என்பது மட்டும் அவளுக்குத் தெளிவாகத் தெரிந்தது.

மறுநாள் வகுப்பில் பரீட்சைத் தாள் திருத்தினாள். அறுபத்தைந்தின் மிகைநிரப்புக் கோணம் என்ன என்பது கேள்வி. ஐஸ்வர்யா வகுப்பிலேயே நன்றாகக் கணக்குப் போடுகிறவள், ஆனாலும் ஊர்ப் பிள்ளைதானே. இருபத்தைந்து என்று எழுதியிருந்தாள். சசிகலா அவளை எழுப்பி நிறுத்தினாள். பாறைக்கு அந்தாண்டை ஒண்ணும் இல்லைங்களே டீச்சர் என்று அவள் பணிவாகத்தான் சொன்னாள். நூற்றியெண்பதிலிருந்து கழித்தால் நூற்றுப்பதினைந்து, நீ எழுதினது தொண்ணூறு குறைவு, திருத்திக்கொள் கண்ணு என்று சொல்லியிருந்தால் வேலை முடிந்தது. எத்தனையோ பிள்ளைகளுக்கு அவள் அப்படித்தான் சொல்லியிருக்கிறாள். ஆனால் அன்று அவள் கண்ணுக்கு அந்தப் பெண்ணின் முகத்தில் அவள் அப்பனின் தாடைதான் தெரிந்தது.

"தொண்ணூறையும் முழுங்கிட்டியா? உங்கூட்டு வயிறுதானே உனக்கு. அடுத்தவன் பங்கைத் தின்னு தின்னு பழகுன வயிறு. என்ற ஊட்டுக் கக்கூஸு வரைக்கும் வந்து வந்து போனியே, அப்பவே உங்கப்பன் அளந்துட்டு வரச் சொல்லி அனுப்புனானா?"

வகுப்பு சிரித்தது. ஏழாம் வகுப்பு வேறென்ன செய்யும். ஐஸ்வர்யா சிரிக்கவில்லை, அழவும் இல்லை. டீச்சரின் வாயையே பார்த்தாள். சசிகலாவுக்கு அந்தப் பார்வை நன்றாகத் தெரியும், ஆயுள் முழுக்க அவள் பிறரைப் பார்த்த பார்வை அது. தின்கிற பதார்த்தத்தில் புழு நெளிவதைக் கண்டால் வருகிற பார்வை. அந்தப் பெண் தன் தாவணி முனையால் மூக்கைப் பொத்திக்கொண்டு வகுப்பை விட்டு வெளியே போனாள். அதே நேரம் மேலே காட்டில் மரவரிசை மொத்தமும் பட்டப்பகலில் எதிர்ப்பக்கமாகப் பெருவீச்சாகத் திரும்பியது. காப்பிப் பழம் பறித்துக்கொண்டிருந்த பெண்கள் குனிந்து வழிவிட்டார்கள், பிறகு விட்ட இடத்திலிருந்து பறித்தார்கள். பத்தொன்பது எழுபத்தொன்று ஆனது. எழுபத்தொன்று பத்தொன்பது ஆனது. ஊத்துக்காட்டில் எத்தனையோ அசிங்கம் நடந்திருக்கிறது, ஒரே மூச்சில் இத்தனை பாகை பெயர்த்தது அந்த டீச்சரின் வாய் ஒன்றுதான்.

சசிகலா வீடு திரும்பியபோது வீடு அவளுடையதாக இருந்தது. வெங்கடேஷ் நாட்டுக்கோழி அடித்திருந்தான். ஜீவானந்தத்தின் வீடு இப்போது தங்கள் பக்கம் என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தான். மத்தியானமே அங்கே போய், அண்ணன் கட்டிலில் செருப்போடு ஏறிப் படுத்து, கலாவதியின் குழம்புச் சட்டியில் கையை விட்டு நக்கிப் பார்த்து, உப்பு பத்தவில்லை என்று சொல்லிவிட்டு வந்திருந்தான். அதைச் சொல்லும்போது எலும்பை உறிஞ்சினான். மஜ்ஜை சத்தத்தோடு வந்தது. சிங்க்கில் கோழை துப்பினவரும் இவனும் ஒரே அச்சு என்பதை அவள் அன்றுதான் பார்ப்பதுபோலப் பார்த்தாள். குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். பினாயில் வாசம் அடித்தது, டைல்ஸ் பளிச்சென்று இருந்தது. சீ, என்ன வீடு இது என்று தோன்றியது. கண்ணாடியில் தெரிந்த வாயை அவளால் பார்க்க முடியவில்லை. குடல் வெளியே வருகிற மாதிரி வாந்தி எடுத்தாள். ஓடிப்போய் ஜன்னல் வழியே பார்த்தாள். மரங்கள் நின்ற இடத்திலேயே நின்றன. தன்னைத் தானே அருவருத்துக்கொள்வதற்கு அந்தக் கோட்டிடம் மதிப்பே இல்லை.

நல்லது செய்து பார்த்தாள். கலாவதியிடம் போய் மன்னிப்புக் கேட்டாள். கலாவதி பாத்திரங்களை மூட்டை கட்டிக்கொண்டே, அதனால என்னங்க என்றாள். அவளுக்குத்தான் எதுவும் உறைக்காதே. வெங்கடேஷிடம் வீட்டைத் திருப்பிக் கொடுத்துவிடச் சொன்னாள். கோடு குடுத்ததை நான் யாரு திருப்பிக் குடுக்க என்றான், நியாயஸ்தன். ஊர்க்காரர்களும் வழக்கப்படி சரிதான் என்றார்கள். ஐஸ்வர்யா பள்ளிக்கூடம் வரவில்லை. வழியில் எதிரே வந்தால் ஒதுங்கி, மூக்கைப் பொத்திக்கொண்டு கடந்தாள்.

சனிக்கிழமை காலை அந்தப் பெண் ஊற்றுக்குத் தண்ணீர் எடுக்க வந்தபோது சசிகலா அங்கே காத்திருந்தாள். கையில் அவள் வீட்டு எவர்சில்வர் டம்ளர், அதில் பாதி தண்ணீர். அவள் மன்னிப்புக் கேட்கவில்லை. கணக்குச் சொல்கிற குரலில் விஷயத்தைச் சொன்னாள். கோடு எதற்கு நகர்கிறது, எதற்கு நகராது, எல்லாவற்றையும். இதுவரை யாருக்கும் அவள் இவ்வளவு தெளிவாகப் பாடம் எடுத்ததில்லை. பிறகு டம்ளரை நீட்டினாள்.

"இதுல துப்பு சாமி. நான் குடிக்கறேன்."

ஐஸ்வர்யா குடத்தைக் கீழே வைத்தாள். சுத்தமான பெண், பொது இடத்தில் ஒருநாளும் துப்பியறியாதவள். பிறகு, "எவ்வளவு வேணுங்க டீச்சர்?" என்று கேட்டாள். சித்தி என்று சொல்லவில்லை.

"நாப்பத்தஞ்சுல நிக்கணும். இருபத்தாறு."

வாய் வறண்டிருந்ததால் முதல் தடவை ஒன்றும் வரவில்லை. அப்பா செய்வதுபோல அடித்தொண்டையிலிருந்து இழுத்துப் பார்த்தாள், அது தனக்கு வருகிறதே என்று அவளுக்கே கூசியது. துப்பினாள். நுரை தண்ணீரின் மேல் மிதந்து, டம்ளரின் ஓரத்தில் போய் ஒட்டியது. சசிகலா பார்த்தாள். பார்த்ததற்கே எட்டுப் பாகை வந்தது, அதற்குமேல் வரவில்லை. அவள் டம்ளரைத் தூக்கி ஊற்றிக் குடிக்கப் போனாள். ஐஸ்வர்யா கூடாதென்று தலையை ஆட்டினாள். வாய் வைத்துத்தான் குடிக்க வேண்டும். வாய் வைத்துக் குடித்தாள். வழவழவென்று ஒன்று நாக்கில் பட்டுத் தொண்டைக்குள் இறங்கியதை அவள் உடம்பு முழுவதும் உணர்ந்தது. கண்ணில் தண்ணீர் முட்டியது, வயிறு எக்கியது, கையால் வாயை அடைத்துக்கொண்டு நின்றாள். மரங்கள் வந்துகொண்டிருந்தன. ஜீவானந்தத்தின் வீட்டைத் தாண்டின, மாட்டுக் கொட்டகையைத் தாண்டின, செங்கோடன் முதன்முதலில் குழி தோண்டிய இடத்துக்கு வந்து நின்றன.

"போதுங்க," என்றாள் ஐஸ்வர்யா. குடத்தை இடுப்பில் ஏற்றிக்கொண்டு நாலடி போனவள் திரும்பினாள். "அறுபத்தஞ்சுக்கு நூத்திப்பதினஞ்சுங்க டீச்சர். தொண்ணூறுல கழிச்சது தப்பு."

சசிகலா தலையை மட்டும் ஆட்டினாள். வாயைத் திறந்தால் குடித்தது வெளியே வந்துவிடும், கோடு மறுபடி எங்கே போகுமோ என்று பயம்.

திங்கட்கிழமை அந்தப் பெண் பள்ளிக்கூடம் வந்தாள். கலாவதி மூட்டையைப் பிரித்துப் பாத்திரங்களை அடுக்கினாள். அண்ணன் தம்பி இரண்டு பேரும் திருந்தினார்களா என்றால், நாய் வாலை யார் நிமிர்த்தியது. ஜீவானந்தம் மழைக்காலத்தில் ஒன்று செய்வார், வெங்கடேஷ் அறுவடைச் சமயத்தில் ஒன்று செய்வான். வெங்கடேஷுக்கு இப்போது யாருக்குக் குமட்டும் என்பதும் தெரிந்துவிட்டதால், அந்தப் பெண் வரும் வழியில் பார்த்துப் பார்த்துத்தான் செய்வான். கோடு இரண்டு பாகை இந்தப் பக்கம் போகும், ஐந்து பாகை அந்தப் பக்கம் போகும். எந்தப் பக்கம் கூடியிருக்கிறதோ அந்தப் பக்கத்துப் பெண் ஊற்றுக்கு வந்து, டம்ளரை வாங்கிக் குடிப்பாள். எதிர்ப்பக்கத்துப் பெண் துப்பிக் கொடுப்பாள். சசிகலா துப்பி ஐஸ்வர்யா குடித்த நாட்களும் உண்டு. டம்ளர் ஊற்றுக்கல்லின் மேலேயே கவிழ்ந்திருக்கும், வேறு யாரும் அதைத் தொடுவதில்லை. மலையேறி வரும் டூரிஸ்டுகள் யாராவது அதில் தண்ணீர் மொள்ளப் போனால், அது கணக்கு டம்ளருங்க, வேற குடுக்கறோம் என்று ஊர்க்காரர்கள் தடுத்துவிடுவார்கள். இரண்டாவது முறை வந்த சர்வேயர் நாற்பத்தைந்து நாற்பத்தைந்து என்று குறித்துக்கொண்டு, இதுக்கு எதுக்கு என்னைக் கூப்பிட்டீங்க என்று கோபித்துக்கொண்டார்.

ஐஸ்வர்யா பத்தாவது முடித்தாள், பிளஸ் டூ முடித்தாள், சேலத்தில் கல்லூரியில் கணக்கே எடுத்துப் படித்தாள். ஊரில் கோடு நகர்ந்தால் போன் பண்ணுவார்கள், விடுமுறைக்கு வரும்போது சரி செய்துவிட்டுப் போவாள். இத்தனை ஆண்டில் அவள் சசிகலாவின் வீட்டு வாசலை மிதிக்கவில்லை. வழியில் பார்த்தால் டீச்சர் என்று சொல்லி வணக்கம் வைப்பாள். சசிகலாவுக்கும் அந்தக் குமட்டல் குறையவே இல்லை. எதுவும் பழகப் பழகச் சரியாகிவிடும் என்பார்கள், அது பழகாதது ஊத்துக்காடு செய்த புண்ணியம். பழகியிருந்தால் அன்றோடு கோட்டைத் திருப்பி நிறுத்த வழியில்லாமல் போய், இரண்டு அண்ணன் தம்பிகளில் எவன் கூடுதல் கேவலமானவனோ அவன் மொத்தத்தையும் அள்ளிக்கொண்டு போயிருப்பான்.

போன பொங்கலுக்கு முன்தினம் கோடு சசிகலாவின் பக்கம் நாலு பாகை கூடியது. பஸ் திரும்பும் இடத்தில், இறங்குகிற ஐஸ்வர்யாவின் கண்ணில் படும்படி வெங்கடேஷ் என்ன செய்து வைத்திருந்தான் என்பது இங்கே வேண்டாம், பொங்கல் சமயம். ஐஸ்வர்யா மாலை பஸ்ஸில் வந்து இறங்கியவள், தோள் பையைக்கூடக் கழற்றாமல், தன் வீட்டுக்கும் போகாமல் நேரே ஊற்றுக்கு வந்தாள். சசிகலா ஏற்கெனவே அங்கே நின்றிருந்தாள், தலைமுடி பாதி நரைத்திருந்தது. ஐஸ்வர்யா டம்ளரை நிமிர்த்தினாள், தண்ணீர் மொண்டாள், துப்பினாள், நீட்டினாள்.

"குடிங்க சித்தி," என்றாள்.

இத்தனை வருஷம் கழித்து வந்த அந்த ஒரு சொல்லால் குமட்டல் போய்விடுமோ, போய்விட்டால் நாலு பாகை அப்படியே நின்றுவிடுமோ என்று சசிகலா உண்மையிலேயே பயந்தாள். பாசம் வந்தால் அருவருப்புப் போய்விடும் என்று சொல்கிறவர்கள் யாரும் அடுத்தவர் எச்சிலைக் குடித்துப் பார்த்தவர்கள் இல்லை. அவள் வாய் வைத்துக் குடித்தாள். முதல் நாள் புரண்ட மாதிரியே வயிறு புரண்டது, கண்ணில் தண்ணீர் வந்தது, புறங்கையால் வாயை அடைத்துக்கொண்டாள். மரங்கள் நாலு பாகை திரும்பி, நாற்பத்தைந்தில் நின்றன. ஐஸ்வர்யா டம்ளரை வாங்கிக் கழுவிக் கல்லின் மேல் கவிழ்த்தாள். பிறகு, பஸ்ஸில் வெகுநேரம் வந்தது, உங்கூட்டுப் பாத்ரூம்ல போய்க்கட்டுங்களா என்று கேட்டாள். சசிகலா முந்தானையிலிருந்து சாவியை அவிழ்த்துக் கொடுத்தாள்.